மாடு கடைசியில் வரட்டும்: தோட்டப்புறத்தில் கால்நடைக் காப்பகம் தொடங்குவோருக்கு

நாங்கள் எல்லாவற்றையும் தலைகீழாகச் செய்தோம். பால் வற்றிய ஒரு கிழட்டு மாட்டை அடிமாட்டு வியாபாரி மறுநாள் லோரியில் ஏற்றப்போகிறார் என்று கேள்விப்பட்டு, அன்று மாலையே பணத்தைக் கொடுத்து ஓட்டிவந்து, வீட்டுக்குப் பின்னால் ரம்புத்தான் மரத்தில் கட்டினோம். அதன்பிறகுதான் நிலம் தேடினோம். நிலம் கிடைத்த பிறகு பத்திரம் பார்த்தோம். பத்திரத்தில் சிக்கல் என்று தெரிந்த பிறகு வழக்கறிஞரிடம் போனோம். அதற்குள் ஒரு மாடு நான்காகி, ஆடுகள் ஒன்பதாகி, பக்கத்து வீட்டாரின் பொறுமையும் தீர்ந்து, நகராண்மைக் கழகத்திலிருந்து கடிதம் வந்துவிட்டது. தவறு எங்களுடையதுதான். தாமான் எனப்படும் வீடமைப்புப் பகுதியில், வீட்டுக் கொல்லையில் மாடு கட்டுவதை எந்தக் கழகமும் பொறுத்துக்கொள்ளாது.

மலேசியாவின் பேராக் மாநிலத்தில் எங்கள் ஊரான சுங்கை சிப்புட்டைச் சுற்றிச் செம்பனை (எண்ணெய்ப்பனை) தோட்டங்கள். லயத்து வீட்டை விட்டுத் தாமானுக்குக் குடிபோனவர்கள் விட்டுச்சென்ற ஆடுமாடுகள், நேர்ந்துவிட்டுப் பிறகு யாரும் கவனிக்காத கிடாக்கள், முட்டையிடுவதை நிறுத்திய கோழிகள் என்று கைவிடப்பட்டவற்றுக்கு இங்கே பஞ்சமில்லை. இவற்றுக்கு ஒரு புகலிடம் அமைக்க எண்ணுகிறவர்கள் அவ்வப்போது என்னைத் தேடிவருகிறார்கள். அவர்களிடம் நான் சொல்லும் வரிசை இதுதான். முதல் படியிலிருந்து முதல் விலங்கு வரும்வரை ஆறு மாதம் ஒதுக்குங்கள். மனம் கேட்காது. ஆனாலும் ஒதுக்குங்கள்.

1. நிலத்தின் கெரானைப் படியுங்கள்

"சும்மா கிடக்கிற நிலம்தான் அக்கா, வந்து கட்டிக்கொள்ளுங்கள்" என்று சொல்லும் நல்ல மனிதர்கள் நம் ஊரில் நிறைய. நன்றி சொல்லிவிட்டு, கெரான் எனப்படும் நில உரிமைப் பத்திரத்தின் நகலைக் கேளுங்கள். நகலோடு நின்றுவிடாமல் மாவட்ட நில அலுவலகத்தில் 'சாரியான் பெர்செண்டிரியான்' எனப்படும் தேடல் அறிக்கையை எடுங்கள். கட்டணம் மாநிலத்துக்கு மாநிலம் மாறும். எங்கும் பெரிய தொகையல்ல. உரிமையாளர் யார், வங்கியில் அடமானம் உண்டா, கைமாற்றத் தடையாகக் கேவியட் போட்டிருக்கிறார்களா என்பதெல்லாம் அதில் வந்துவிடும்.

அறிக்கையில் நான்கு இடங்களை நிறுத்திப் பாருங்கள்.

முதலாவது, நிலப் பயன்பாட்டு வகை. விவசாயம் என்று இருக்க வேண்டும். தேசிய நிலச் சட்டம் கால்நடை வளர்ப்பையும் விவசாயத்தில்தான் சேர்க்கிறது. இரண்டாவது, 'ஷாராட் ஞாத்தா' என்ற நிபந்தனை. வகை விவசாயமாகவே இருந்தாலும், இந்த வரியில் ரப்பர் மட்டும் என்றோ செம்பனை மட்டும் என்றோ எழுதியிருக்கலாம். அப்படியானால் நிபந்தனையை மாற்ற நில உரிமையாளர்தான் விண்ணப்பிக்க வேண்டும், உங்களால் முடியாது. மூன்றாவது, மலாய்க்காரர்களுக்கென ஒதுக்கிய நிலம் என்பதைக் காட்டும் மலாய் ரிசர்வ் என்ற குறிப்பு. அது இருந்தால் வழக்கறிஞரைப் பார்க்காமல் எதிலும் கையெழுத்திடாதீர்கள். நான்காவது, உரிமையாளர் பெயர். எங்களுக்கு நிலம் தர முன்வந்தவர் உண்மையிலேயே நல்லவர். ஆனால் கெரானில் இருந்தது இருபது ஆண்டுகளுக்கு முன் இறந்த அவருடைய தாத்தாவின் பெயர். வாரிசுகள் ஆறு பேர். அவர்களில் ஒருவர் ஜொகூரில், ஒருவர் எங்கே என்றே தெரியவில்லை. அந்த நிலத்தில் நாங்கள் வேலி போட்டு முடித்த பிறகுதான் இதெல்லாம் தெரிந்தது. வேலியைப் பிடுங்கிக்கொண்டு வந்தோம்.

வாடகைக்கு எடுப்பதானால் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள். மூன்று ஆண்டு வரையிலான வாடகை ஒப்பந்தத்தை நில அலுவலகத்தில் பதிய வேண்டியதில்லை. அதைத் தாண்டினால் குத்தகையாகப் பதிவுசெய்தே ஆக வேண்டும். பதியாத ஐந்தாண்டு ஒப்பந்தத்தை நம்பி சிமெண்டுத் தளம் போடாதீர்கள். எந்த ஒப்பந்தமானாலும் கையெழுத்திட்ட 30 நாளுக்குள் முத்திரை வரி கட்டுங்கள். ஓராண்டுக்கு மேல், மூன்றாண்டு வரையிலான ஒப்பந்தத்துக்கு ஆண்டு வாடகையில் ஒவ்வொரு 250 ரிங்கிட்டுக்கும் 3 ரிங்கிட். மாதம் 300 என்றால் ஆண்டுக்கு 3,600. வரி 45 ரிங்கிட்தான். இதை மிச்சம் பிடித்தவர்கள் பிறகு தகராறு வரும்போது தாளை வைத்துக்கொண்டு விழிக்கிறார்கள்.

அரசு நிலத்தை டிஓஎல் எனப்படும் தற்காலிகப் பயன்பாட்டு உரிமத்தில் எடுப்பதும் உண்டு. மலிவு. ஆனால் எந்த மாதத்தில் கிடைத்தாலும் டிசம்பர் 31-ஆம் தேதி காலாவதியாகிவிடும். ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டும். வேறொருவருக்கு மாற்ற முடியாது. உரிமம் பெற்றவர் இறந்தால் அதுவும் அவரோடு போய்விடும். வயதான அப்பாவின் பெயரில் டிஓஎல் வைத்துக்கொண்டு பத்து மாடு வளர்ப்பவர்கள் இந்த வரியை இன்னொரு முறை படிக்கவும்.

தோட்ட நிர்வாகி வாயால் கொடுக்கும் அனுமதியைப் பற்றி ஒரு வாக்கியம் போதும்: நிர்வாகி மாற்றலாகிப் போவார், மாடு போகாது.

2. எத்தனை, எவை என்பதை எழுதி வையுங்கள்

இதை மனத்தில் வைத்துக்கொண்டால் போதாது. தாளில் எழுதி எல்லாரும் கையெழுத்திடுங்கள். நன்றாகப் பராமரித்தால் ஒரு மாடு இருபது ஆண்டு இருக்கும். ஆடு பத்திலிருந்து பதினைந்து. ஐம்பத்தைந்து வயதில் ஓய்வு பெற்று, கையில் வந்த பணத்தில் கன்றுக்குட்டியை மீட்கிறவர் எழுபத்தைந்து வயதிலும் அதற்குப் புல் அறுக்க வேண்டியிருக்கும். அப்போது யார் அறுப்பது என்ற கேள்விக்கும் அந்தத் தாளில் பதில் இருக்கட்டும்.

காப்பகத்தில் இனப்பெருக்கம் கூடாது. கிடாக்களுக்கும் காளைகளுக்கும் காயடிக்க மருத்துவரிடம் முன்கூட்டியே நாள் வாங்குங்கள். ஆட்டின் சினைக்காலம் ஏறத்தாழ 150 நாள்தான். இரட்டைக் குட்டி சர்வ சாதாரணம். எங்கள் ஒன்பது பதினான்கானது ஒரே ஒரு கிடாயைத் தள்ளிப்போட்டதால்.

பன்றி வளர்ப்புக்கு மாநிலங்களில் தனிக் கட்டுப்பாடுகள் உண்டு. ஆப்பிரிக்கப் பன்றிக் காய்ச்சல் 2021-இல் நாட்டுக்குள் வந்த பிறகு கெடுபிடி இன்னும் கூடியிருக்கிறது. அக்கம்பக்கத்தார் மனமும் முக்கியம். புதிதாகத் தொடங்குகிறவர்கள் பன்றியைத் தொடாமலிருப்பது நல்லது என்பது என் கருத்து. உயிர்களில் பேதம் பார்ப்பதா என்று என்னிடம் சண்டைக்கு வந்தவர்கள் இருக்கிறார்கள். இருபது உயிரைக் காப்பாற்ற நினைக்கும் இடத்தை ஒன்றுக்காக மூட வைப்பதில் எனக்கு உடன்பாடில்லை.

3. சங்கமா, சொந்தப் பொறுப்பா

சொந்தப் பணத்தில், சொந்த நிலத்தில், நாலைந்து விலங்குகள் என்றால் சங்கம் தேவையில்லை. பொதுமக்களிடம் கைநீட்டப் போகிறீர்கள் என்றால் சங்கப் பதிவிலாகாவில் பதியுங்கள். குறைந்தது ஏழு உறுப்பினர்கள் வேண்டும். விண்ணப்பம் இணையவழி. சட்டவிதிகளும் தொடக்கக் கூட்டத்தின் குறிப்பும் பொறுப்பாளர்களின் அடையாள அட்டை விவரங்களும் கேட்பார்கள். ஏழு பேரும் ஒரே குடும்பமாக இருந்தால் முதல் குடும்பச் சண்டையில் சங்கம் கலையும். இரண்டு பேராவது வெளியாராக இருக்கட்டும். ஒருவர் கணக்கு தெரிந்தவராக இருந்தால் இன்னும் நல்லது.

சட்டவிதிகளை வேறொரு சங்கத்திடமிருந்து அப்படியே நகலெடுக்காதீர்கள். சங்கம் கலைந்தால் சொத்து யாருக்கு என்ற விதியை எல்லாரும் எழுதுவார்கள். விலங்குகள் யாருக்கு என்பதையும் எழுதுங்கள். அவற்றை இறைச்சிக்கு விற்கக்கூடாது என்று வெளிப்படையாகவே எழுதுங்கள்.

சங்கம் பதிந்துவிட்டதாலேயே நன்கொடைக்கு வரிவிலக்கு வந்துவிடாது. அதற்கு வருமான வரிச் சட்டத்தின் 44(6) பிரிவின் கீழ் தனியாக ஒப்புதல் பெற வேண்டும். ஒப்புதல் வருமுன் வரிவிலக்கு ரசீது தருவதாக வாயைக் கொடுத்து மாட்டிக்கொள்ளாதீர்கள். கோயில் வாசலிலோ வீடு வீடாகவோ உண்டியல் குலுக்குவதற்கும் 1947-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று இருக்கிறது. முதலில் காவல் நிலையத்தில் விசாரித்து அனுமதி பெறுங்கள்.

4. கால்நடை இலாகாவிடம் நீங்களே போங்கள்

புகார் வந்து அவர்கள் உங்களைத் தேடி வருவதற்கும், விலங்கு வருமுன் நீங்கள் அவர்களைத் தேடிப் போவதற்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம். மாவட்டக் கால்நடை அலுவலகத்துக்கு நில ஆவணம், இடத்தின் கைவரைபடம், எண்ணிக்கைத் தாள் ஆகியவற்றோடு போங்கள். மூன்று கேள்விகளைக் கேளுங்கள்: இடத்தைப் பதிய வேண்டுமா, 2015-ஆம் ஆண்டு விலங்குநலச் சட்டத்தின் கீழ் எங்கள் வகைக்கு உரிமம் வேண்டுமா, பெரிய விலங்குகளைப் பார்க்க யார் வருவார்கள். பதிலை எழுத்தில் கேளுங்கள். தேதியையும் அதிகாரியின் பெயரையும் குறித்து வையுங்கள்.

அந்தச் சட்டம் கொடியவர்களுக்கு மட்டும் என்று நினைக்காதீர்கள். இரக்கத்தால் அளவுக்கு மீறிச் சேர்த்துவிட்டுத் தீனி போட முடியாமல் தவிப்பவரும் அதன் கீழ் வருவார். தண்டனை 20,000 முதல் 100,000 ரிங்கிட் வரை அபராதம், அல்லது மூன்றாண்டு வரை சிறை, அல்லது இரண்டும்.

மருத்துவர் விஷயம் தனியாகச் சொல்ல வேண்டியது. பட்டணத்துக் கிளினிக்குகள் பெரும்பாலும் நாய், பூனை பார்ப்பவை. இரவு பதினொன்றுக்கு வயிறு ஊதிக் கிடக்கும் மாட்டுக்கு ஆள் தேடிய அனுபவம் எனக்கு உண்டு, எதிரிக்கும் வேண்டாம். எங்கள் பக்கத்துக்கு ஒரு வசதி, கால்நடை ஆய்வுக் கழகம் ஈப்போவிலேயே இருக்கிறது. மாவட்ட அலுவலகம் வழியாக மாதிரிகளை அங்கே அனுப்பலாம். பெரிய அறுவைச் சிகிச்சை என்றால் செர்டாங்கில் உள்ள புத்ரா பல்கலைக்கழகக் கால்நடை மருத்துவமனை. லோரிக் கூலியைக் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

5. கொட்டகை, வேலி, புல்

ஆட்டுக்கு உயரமான பலகைத் தளம். தரையில் படுக்கும் ஆடு நம் மழைக்குத் தாங்காது. புழுக்கை கீழே விழும் அளவுக்கு, ஆனால் குளம்பு மாட்டாத அளவுக்கு, பலகைகளுக்கு இடையே ஒன்றரை சென்டிமீட்டர் இடைவெளி விட்டோம். மாட்டுக்கு வழுக்காத சொரசொரப்பான சிமெண்டுத் தளம். கழிவுநீர் பக்கத்து ஓடையில் கலக்காமல் தொட்டிக்குப் போகும் சரிவு. காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது என்று ஒரு வாரம் நின்று பார்த்துவிட்டுக் கொட்டகையின் இடத்தைத் தீர்மானியுங்கள். புகார் எப்போதும் காற்று போகும் திசையிலிருந்துதான் வரும்.

வேலி உங்கள் ஆடுகளை உள்ளே வைக்க மட்டுமன்று, தெருநாய்க் கூட்டத்தை வெளியே வைக்கவும்தான். கீழ்ப்பகுதியில் கம்பி வலை அடிக்காமல் விட்டதற்கு நாங்கள் ஒரே இரவில் மூன்று குட்டிகளைக் கொடுத்தோம். கோழிக் கூண்டின் தளத்தையும் வலையால் மூடுங்கள். செம்பனைக் காட்டு மலைப்பாம்புக்குச் சிறு சந்து போதும்.

நேப்பியர் புல்லை விலங்குகள் வருவதற்கு மூன்று மாதம் முன்பே நடுங்கள். முதல் அறுப்புக்கு இரண்டு மாதத்துக்கு மேலாகும். அதன்பின் ஆறேழு வாரத்துக்கு ஒருமுறை அறுக்கலாம். ஒரு மாடு தன் எடையில் பத்தில் ஒரு பங்கு பச்சைப் புல் தின்னும். 300 கிலோ மாட்டுக்கு நாளொன்றுக்கு 30 கிலோ. நான்கு மாடு என்றால் 120 கிலோ, தீபாவளியன்றும் அறுக்க வேண்டும்.

6. தீனியில் இருக்கும் எமன்கள்

இந்தப் பகுதியை மட்டும் அச்செடுத்துக் கொட்டகையில் ஒட்டுங்கள்.

சோறு. திருவிழா முடிந்ததும் கோயிலிலிருந்து மிஞ்சிய சாதத்தையும் பாயசத்தையும் வாளி வாளியாகக் கொண்டுவருவார்கள். புண்ணியம் என்று நினைத்துத்தான் கொண்டுவருகிறார்கள். புல்லுக்குப் பழகிய வயிற்றில் அவ்வளவு மாவு ஒரேயடியாக இறங்கினால் புளித்து அமிலமாகிவிடும். தீனி மறுப்பு, பல் கடித்தல், புளித்த வாடையுடன் கழிச்சல், பிறகு எழுந்திருக்க முடியாத படுக்கை. ஓரிரு நாளில் உயிர் போகலாம். சாதத்தோடு வரும் பிளாஸ்டிக் பை இன்னொரு எமன். வாசலிலேயே ஒரு பலகை மாட்டுங்கள். கொண்டுவருபவர் பெரியவராக இருந்தால், "ஐயா, புல்லுக்கட்டு ஒன்று வாங்கித் தாருங்கள்" என்று கேளுங்கள். மனம் நோகாது.

செம்பனைக் கொட்டைப் பிண்ணாக்கு. மலிவு, எங்கும் கிடைக்கும், மாட்டுக்கு நல்லது. செம்மறிக்கு மட்டும் தொடர்ந்து போடாதீர்கள். அதிலுள்ள செம்புச் சத்து செம்மறியின் ஈரலில் சேர்ந்துகொண்டே போய், ஒருநாள் திடீரென்று மஞ்சள் காமாலை கண்டு விழுந்துவிடும்.

சிக்னல் புல். மாடு மேயும் நிலத்தில் நன்றாக வளரும் இதே புல், செம்மறிக்கும் ஆட்டுக்கும் ஈரலைக் கெடுக்கும். முகமும் காதும் வெயில் பட்டு வெந்ததுபோல் ஆகும். பச்சை மரவள்ளி இலையும் உண்ணிச்செடியும்கூட விஷம்தான்.

தோட்டத்து மருந்து. பாராகுவாட் 2020 முதல் நாட்டில் தடை. அதனால் தோட்டத்தில் விஷமே இல்லை என்று அர்த்தமல்ல. வேறு களைக்கொல்லிகளும் எலி மருந்தும் இருக்கின்றன. மருந்தடிக்கும் அட்டவணையைக் கங்காணியான மண்டோரிடம் மாதத் தொடக்கத்திலேயே கேட்டு வாங்குங்கள். செம்பனை வரிசைகளுக்கிடையே அறுத்த இலவசப் புல் எங்களுக்கு ஒருமுறை மிகவும் விலை உயர்ந்த புல்லாக முடிந்தது.

7. மீட்கும் நாள்

இப்போதுதான் மாடு.

உரிமையாளரிடமிருந்து ஒரு கடிதம் வேண்டும்: பெயர், அடையாள அட்டை எண், விலங்கின் நிறம், அடையாளங்கள், காதுத்தோட்டு எண் இருந்தால் அதுவும், இன்ன தேதியில் இன்னாரிடம் ஒப்படைத்தேன் என்ற வரி, இரண்டு சாட்சிகள். விலங்கோடு இருவரும் நிற்கும் படம் எடுத்துக்கொள்ளுங்கள். சாலையோரம் மெலிந்து நிற்கும் மாட்டை இரக்கப்பட்டு ஓட்டிவந்தால் அது திருட்டு. போலீசிலோ நகராண்மைக் கழகத்திலோ தகவல் கொடுத்து, அவர்கள் வழியாகவே வாங்குங்கள்.

மாநிலம் விட்டு மாநிலம் கொண்டுவரக் கால்நடை இலாகாவின் நகர்த்தல் பெர்மிட் கட்டாயம். கோமாரி போன்ற நோய்க் கட்டுப்பாடு அறிவித்திருந்தால் மாநிலத்துக்குள்ளும் கேட்பார்கள். லோரி பிடிக்குமுன் பெர்மிட். நாங்கள் வரிசையை மாற்றியதில் லோரிக் கூலியை இரண்டுமுறை கொடுத்தோம்.

வியாபாரிக்குப் பணம் கொடுத்து மீட்பது பற்றி ஆளுக்கொரு கருத்து. எங்கள் முதல் மாட்டை அப்படித்தான் மீட்டோம், இப்போது செய்வதில்லை. நாம் கொடுக்கும் பணத்தில் அவர் மறுவாரம் இன்னொன்றை வாங்குகிறார். நாம் வருவோம் என்று தெரிந்தால் விலையும் ஏறுகிறது.

8. முதல் முப்பது நாள்

புதிய விலங்கைத் தனிக் கொட்டகையில், தனி வாளியோடு, முப்பது நாள் வையுங்கள். அதைப் பார்க்கும் ஆள் மற்றவற்றைக் கவனித்து முடித்த பிறகு கடைசியாக அங்கே போகட்டும். இந்தக் காலத்துக்குள் இரத்தப் பரிசோதனைக்குக் கேளுங்கள். கன்று வீச்சு நோய் எனப்படும் புரூசெல்லா உறுதியானால் அந்த விலங்கை அழிப்பதே நாட்டின் கொள்கை. சொல்லவே கஷ்டமாக இருக்கிறது. ஆனாலும் மற்றவற்றோடு கலப்பதற்குமுன் தெரிந்துகொள்வதுதான் மற்றவற்றைக் காப்பாற்றும்.

ஆடுகளின் கீழிமையை வாரம் ஒருமுறை விலக்கிப் பாருங்கள். சிவப்பாக இருந்தால் சரி. வெளுத்திருந்தால் இரத்தம் உறிஞ்சும் வயிற்றுப் புழு. தாடைக்குக் கீழே நீர் கோத்திருந்தால் முற்றிவிட்டது. எல்லாவற்றுக்கும் மாதாமாதம் புழு மருந்து ஊற்றுவது தவறு. புழு பழகிக்கொள்ளும், பிறகு எந்த மருந்தும் வேலை செய்யாது. வெளுத்தவற்றுக்கு மட்டும், எடை போட்டு, மருத்துவர் சொல்லும் அளவில். காலைப் பனி காயும்முன் மேய விடாதீர்கள். புழுக்குஞ்சுகள் ஈரப் புல்லின் நுனியில்தான் இருக்கும்.

உங்கள் உடம்பையும் பாருங்கள். மெலியோய்டோசிஸ் என்ற மண்வழிக் கிருமிநோய் நம் நாட்டில் ஆட்டையும் தாக்கும், மனிதரையும் தாக்கும். நீரிழிவு உள்ளவர்களுக்கு ஆபத்து அதிகம். நம்மவர்களில் நீரிழிவு இல்லாத வீடு எது? சேற்றில் இறங்க பூட்ஸ், சீழ் துடைக்கக் கையுறை. காய்ச்சல் வந்தால் ஆடு வளர்க்கிறேன் என்று டாக்டரிடம் சொல்லுங்கள்.

9. மாதக் கணக்கு

புல் நம்முடையது என்றாலும் அறுக்கும் கை நம்முடையதாகவே எத்தனை நாள் இருக்கும்? குறைந்தபட்சச் சம்பளம் இப்போது 1,700 ரிங்கிட். 2025 ஆகஸ்டு முதல் ஒரே ஓர் ஆள் வைத்திருப்பவருக்கும் இதுதான். உள்ளூர் ஆளுக்கு நாம் கட்டும் இ.பி.எஃப். சேமநிதி 13 விழுக்காடு, அதாவது 221. சொக்சோ என்ற சமூகப் பாதுகாப்புச் சந்தாவையும் சேர்த்தால் 1,950-ஐத் தொடும். இதைக் குறைக்க பெர்மிட் இல்லாத வெளிநாட்டவரைக் கூட்டிவராதீர்கள்; பிடிபட்டால் ஆளுக்கு 10,000 முதல் 50,000 வரை அபராதம்.

மருந்துக்கென்று ஒரு தொகையைத் தனியாக ஒதுக்கி வையுங்கள். மூன்று மாதச் செலவு கையிருப்பில் இல்லாதபோது புதிய விலங்கை ஏற்காதீர்கள். தொலைபேசியில் அழுபவரிடம் இல்லை என்று சொல்ல எனக்கு இரண்டு ஆண்டு பிடித்தது.

10. சாவுக்கு இடம்

கிழட்டு விலங்குகளை வைத்திருக்கிறோம்; சாவு வரும். கிணறு, ஓடை இரண்டிலிருந்தும் தள்ளி, மேடான ஒரு மூலையை முதல் நாளே குறித்து வையுங்கள். ஆழமான குழி, மேலே சுண்ணாம்பு, நாய் தோண்டாத அளவுக்கு மண். காரணம் தெரியாமல் திடீரென்று செத்தாலோ, மூக்கில் இரத்தம் கசிந்தாலோ அறுத்துப் பார்க்காமல் முதலில் கால்நடை அலுவலகத்தை அழையுங்கள்.

மாட்டுக்குக் குழி மண்வெட்டியால் ஆகாது. எங்கள் முதல் மாடு ஒரு நவம்பர் மழையில் செத்தது. பேக்கோ இயந்திரம் வைத்திருப்பவரின் எண் தெரியாமல் மறுநாள் மதியம்வரை தார்ப்பாய் போட்டு மூடி வைத்துக் காத்திருந்தோம். இப்போது அவருடைய எண் கொட்டகைத் தூணில், மருத்துவரின் எண்ணுக்குக் கீழே, பெயின்டால் எழுதியிருக்கிறது.